மோசுலின் சாய்ந்த மினாரா: குண்டுக்கு முன்பே தொடங்கிய சேதம்

ஈராக்கின் மோசுல் நகரில், அந்நூரி பெரிய பள்ளிவாசலின் செங்கல் மினாராவை (தொழுகைக்கு அழைக்கும் கோபுரம்) 2017 ஜூன் 21 அன்று ஐ.எஸ். அமைப்பு வெடிவைத்துத் தகர்த்தது. சிரியாவை ஆண்ட நூருத்தீன் ஸங்கி 1172-73-இல் எழுப்பியது அது. உயரம் சுமார் 45 மீட்டர். சதுரப் பீடம், மேலே உருளைத் தண்டு, அதைச் சுற்றி ஏழு பட்டை செங்கல் பூவேலை.

குண்டு எல்லோருக்கும் தெரியும். பழங்கட்டட வேலையில் இருப்பவர்கள் படிக்க வேண்டியது அதற்கு முந்தைய கதை. மினாரா சுமார் இரண்டரை மீட்டர் சாய்ந்திருந்தது. வெயில் பட்ட பக்கம் விரிந்தது, ஒரே திசைக் காற்று, ஜிப்சம் காரை என்று காரணங்கள் சொல்வார்கள். 1981-இல் ஓர் இத்தாலிய நிறுவனம் அஸ்திவாரத்தைப் பலப்படுத்தியது. பிறகு 1980-88 ஈரான்-ஈராக் போரின் குண்டுவீச்சில் நிலத்தடிக் கழிவுநீர்க் குழாய்கள் உடைந்தன. கசிவு அடிமண்ணை அரிக்க, இன்னும் 40 செ.மீ. சாய்ந்தது. ஆகவே கோபுரம் சாய்கிறது என்றால் முதலில் சாக்கடையைப் பாருங்கள். குழாயில் சாயநீர் விட்டு, அஸ்திவாரத்தருகே சோதனைக் குழி தோண்டினால் கசிவு தெரிந்துவிடும். விரிசலின் மேல் கண்ணாடிச் சில்லு ஒட்டுங்கள், விரிசல் விரிந்தால் அது உடையும். தூக்குக்குண்டு கட்டிச் சாய்வின் அளவை ஓராண்டாவது குறித்து வையுங்கள். கோடை வெயிலில் கோபுரம் தானே கொஞ்சம் அசையும். ஒரு மாத அளவை நம்பி முடிவெடுத்தால் தப்பாகும்.

ஜிப்சம் காரையில் சிமெண்ட் பூசுவதுதான் அடிக்கடி நடக்கும் கேடு. ஈரம் சேர்ந்தால் ஜிப்சத்தின் சல்ஃபேட் சிமெண்டோடு வினைபுரிந்து உப்பும். பழைய செங்கல் பிளந்துகொள்ளும். ஜிப்சமே லிட்டர் தண்ணீருக்கு இரண்டு கிராம் அளவில் கரையக்கூடியது. மழைநீர் ஒழுக்கை அடைக்காமல் காரையை மட்டும் புதுப்பிப்பது வீண்செலவு.

ஒரு கட்டடம் இடிந்த பிறகும், திரும்பப் பயன்படும் செங்கல் இடிபாட்டில் கிடக்கும். மோசுலில் இடிபாட்டிலிருந்து சுமார் 45,000 செங்கற்கள் மீட்கப்பட்டன; யுனெஸ்கோ வழிநடத்திய மறுகட்டுமானம் முடிந்து 2025 செப்டம்பரில் திறப்பு விழா நடந்தது. சாய்வையும் திரும்பக் கட்டினார்கள். நிமிர்த்தியிருந்தால் அது வேறொரு மினாராவாகியிருக்கும். இத்தகைய இடத்தில் வெடிபொருள் அகற்றுவோர் அனுமதிக்கும்வரை யாரும் கால்வைக்கக் கூடாது. பிறகு நிலத்தைக் கட்டம் பிரித்து எண்ணிட்டு, ஒவ்வொரு குவியலையும் படமெடுத்து, கையால் பொறுக்க வேண்டும். ஜேசிபி கடைசியில் வரட்டும். பூவேலைச் செங்கல் தனி, சாதா செங்கல் தனி. உப்புப் பூத்தவற்றை மாதிரி எடுத்துச் சோதிக்காமல் சுவரில் ஏற்றாதீர்கள்.