சோங்சு பாலம் ஏன் நடுவுல மட்டும் விழுந்துச்சு

கிம் போரா எடுத்த ஹவுஸ் ஆஃப் ஹம்மிங்பேர்ட்ங்கிற கொரியப் படம் பாத்ததுல இருந்து ஒரு பாலம் மனசுல நிக்குது. 1994 சியோல், அரிசி கேக் கடை வச்சிருக்க குடும்பம், கடைசிப் பொண்ணு யூன்ஹீக்கு 14 வயசு. அண்ணன் அடிப்பான், யாரும் கேக்க மாட்டாங்க. அம்மா ஒருநாள் சண்டைல விளக்கத் தூக்கி அப்பாவ அடிச்சிடுவாங்க, மறுநாள் பாத்தா ரெண்டு பேரும் ஒண்ணா உக்காந்து டிவி பாத்துட்டு இருப்பாங்க.

அப்புறம் அக்டோபர் 21, காலைல எல்லாரும் ஸ்கூலுக்கும் வேலைக்கும் போற நேரத்துல ஹான் ஆத்து மேல சோங்சு பாலம் விழுந்துடும். நெஜமாவே நடந்தது இது, 32 பேர் போயிட்டாங்க, அதுல ஸ்கூல் பொண்ணுங்களும் உண்டு. ஏன் விழுந்துச்சுன்னு படம் சொல்லாது.

அந்தப் பாலம் 1979ல திறந்தது. ரெண்டு பக்கத் தூண்ல இருந்தும் இரும்புச் சட்டம் கை நீட்டுன மாதிரி வெளிய வரும், அந்த ரெண்டு கைக்கு நடுவுல 48 மீட்டர் துண்டு ஒண்ணு ஊஞ்சல் பலகை மாதிரி தொங்கும். அந்த ஊஞ்சலோட சங்கிலி தான் நாலு முனையிலயும் இருக்க செங்குத்து இரும்பும் அதுல மாட்டுன தடி இரும்பு ஆணியும். அந்த இரும்புல வெல்டு முழு ஆழத்துக்கு இறங்கல, வெளிய பாத்தா நல்லா இருக்க மாதிரி தெரியும், உள்ள ஒட்டாம விட்டுருக்கு.

அன்னிக்கே விழல, அதான் கொடுமை. கட்டிங் பிளேயர் இல்லாதப்போ கட்டுக்கம்பிய மடக்கி நிமித்தி மடக்கி நிமித்தி ஒடைப்போம்ல, ஒரு மடக்குல ஒண்ணும் ஆகாது, இருவதாவதுல பட்டுனு வரும். பாலத்துலயும் அதே தான், ஒவ்வொரு லாரி ஏறி இறங்கும்போதும் வெல்டு விட்ட இடத்துல விரிசல் துளித்துளியா நீளும், நாடு வேகமா வளர வளர வண்டியும் கூடுச்சு லோடும் கூடுச்சு, பராமரிப்பு மட்டும் கூடல, இப்படியே 15 வருஷம். கடைசில சங்கிலி அறுந்ததும் எடைய வாங்கிக்க வேற எதுவும் இல்ல, ஏன்னா அந்த டிசைன்ல மாத்து வழியே வைக்கல.

படக் கடைசில விடியக்காலைல யூன்ஹீ அக்காவோட கரையில நின்னு பாலத்தப் பாப்பா. ரெண்டு பக்கமும் கை நீட்டுன இரும்பு அப்படியே நிக்கும், தொங்குன துண்டு மட்டும் கழண்டு போயிருக்கும்.