கையில் ஒட்டிய நிறம்

போன மாதம் அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். விஸ்காம் படிக்கிற அக்கா மகள் மொட்டை மாடியில் பழைய 16 எம்எம் ஃபிலிமை நீளமாக விரித்துப்போட்டு, விரலாலேயே சாயம் தேய்த்துக்கொண்டிருந்தாள். கை முழுக்க நீலம். கையுறை போட்டுக்கொண்டால் என்ன என்று கேட்டதற்கு, "பிராக்கேஜ் போட்டாரா மாமா?" என்றாள். அதனால்தான் இதை எழுதுகிறேன். ஸ்டான் பிராக்கேஜின் படங்கள் எனக்கும் பிடிக்கும், அவருக்கு வந்த நோயைத்தான் யூராலஜிஸ்டாக, அதாவது சிறுநீர்ப்பாதை மருத்துவராக, நான் தினமும் பார்க்கிறேன்.

அமெரிக்கப் பரிசோதனை சினிமாவில் ஐம்பது வருடம் உழைத்தவர் அவர், முந்நூறுக்கும் மேல் படங்கள், பெரும்பாலானவற்றில் ஒலியும் கிடையாது கதையும் கிடையாது. பச்சை என்ற சொல்லையே அறியாத, தவழ்கிற குழந்தைக்குப் புல்வெளியில் எத்தனை நிறம் தெரியும் என்று 1963இல் எழுதினார். அதே வருடம் 'மாத்லைட்' வந்தது. விளக்கடியில் செத்துக் கிடந்த விட்டில்களின் இறகு, புல், பூவிதழ் எல்லாவற்றையும் இரண்டு ஒட்டுநாடாவுக்கு நடுவே வைத்து அழுத்தி, அதையே ஃபிலிம் லேபில் பிரதி எடுத்துவிட்டார். கேமராவே இல்லை! 1971இல் பிட்ஸ்பர்க் பிணவறைக்குள் போய்ப் பிரேதப் பரிசோதனையைப் படம் பிடித்தார். 'ஆட்டாப்சி' என்ற சொல்லுக்குக் கிரேக்க மூலத்தில் தன் கண்ணால் காண்பது என்றுதான் பொருள், அதையே படத்தின் தலைப்பாக வைத்தார். படிக்கிற காலத்தில் தினமும் பிணவறைக்குப் போய்வந்த நான் அந்த உடல்களைச் சரியாகப் பார்க்கவே இல்லை என்று அந்தப் படம் பார்த்த பிறகுதான் உறைத்தது.

அப்புறம் ஃபிலிம் மேலேயே வண்ணம் தீட்டுவது. 16 எம்எம்மில் ஒரு கட்டம் (ஃபிரேம்) சுண்டுவிரல் நகத்தளவுதான் இருக்கும். நிமிடத்துக்கு 1,440 கட்டங்கள். ஒரே கட்டத்தை லேபில் இரண்டு மூன்று தடவை அச்சிட்டுக்கொண்டாலும் வருடக்கணக்கான வேலை அது. 1987இல் வந்த 'தாந்தே குவார்டெட்' சில நிமிடப் படம்தான், அதற்கு ஆறு வருடம் ஆனது. அத்தனை வருடமும் சாயத்தோடுதான் பிழைப்பு.

1996இல் அவருக்குச் சிறுநீர்ப்பையில் புற்றுநோய் என்று தெரிந்தது. தான் பயன்படுத்திய நிலக்கரித் தார்ச் சாயங்களே காரணம் என்று அவர் நம்பினார். ஒரு மனிதரை மட்டும் வைத்து அதை நிரூபிக்க முடியாது, இந்த நோய்க்கு முதல் காரணம் புகைபிடித்தல்தான். ஆனால் சந்தேகம் நியாயமானது. சாயத் தொழிலாளர்களுக்கு இந்தப் புற்றுநோய் வருவதை லுட்விக் ரேன் என்ற ஜெர்மன் அறுவை மருத்துவர் 1895லேயே எழுதிவிட்டார். சில சாயங்களில் இருக்கும் அரோமாட்டிக் அமீன்கள் என்ற வேதிப்பொருட்கள் தோல் வழியாகவும் உள்ளே போகும், கல்லீரலில் உருமாறிச் சிறுநீரோடு வந்து பையில் மணிக்கணக்கில் தங்கும். நோய் தலைகாட்ட இருபது, முப்பது வருடம்கூட ஆகலாம்.

என்னிடம் வருகிறவர்களில் பலர், வலியே இல்லாமல் ஒருநாள் சிறுநீர் சிவப்பாகப் போனதை 'உடம்பு சூடு' என்று இளநீர் குடித்துவிட்டுச் சும்மா இருந்தவர்கள். மறுநாள் தெளிந்துவிடும், அதுதான் ஏமாற்றும். வலி இல்லாமல் ரத்தம் போனால், ஒரே தடவையானாலும், உடனே யூராலஜிஸ்டைப் பாருங்கள்.

உறை போட்டால் விரலுக்கு ஃபிலிம் தெரியவில்லை என்கிறாள் அக்கா மகள். கையோடு ஒட்டி நிற்கும் மெல்லிய நைட்ரில் உறை வாங்கிக் கொடுத்திருக்கிறேன். பிராக்கேஜ் கடைசி நாட்களில் கறுப்பு ஃபிலிமை எச்சிலால் நனைத்து நகத்தால் கீறிப் படம் செய்தார், அதையும் செய்து பார்க்கப் போகிறாளாம். தாராளமாகச் செய்யட்டும், ஆனால் சாயம் தொட்ட விரல் வாய்க்குப் போகக் கூடாது, கிண்ணத்தில் தண்ணீர் வைத்துக்கொள் என்றேன்.