முதல்வர் நாற்காலியும் சீனியாரிட்டிப் பட்டியலும்

ஒரு கல்லூரி முதல்வர் ஓய்வு பெற்றதும் வழக்கறிஞரான என்னைத் தேடி யாராவது வந்துவிடுகிறார்கள். கையில் சீனியாரிட்டிப் பட்டியலின் ஜெராக்ஸ், தன் பெயருக்கடியில் மஞ்சள் கோடு. போன மாதம் வந்தவர் அரசு உதவி பெறும் சிறுபான்மைக் கல்லூரி ஒன்றின், அதாவது மத அல்லது மொழிச் சிறுபான்மையினர் நடத்தும் கல்லூரியின், துறைத்தலைவர். "எனக்கு ஜூனியரைப் போட்டுட்டாங்க சார், ஸ்டே வாங்கணும்."

எத்தனை முறைதான் சொல்வது? சிறுபான்மைக் கல்லூரியில் சீனியாரிட்டியை மட்டும் காட்டி முதல்வர் பதவியைக் கேட்க முடியாது. இதே சண்டை கேரளத்தில் நடந்து, மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில் 2006-இலேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டது. பதவி உயர்வு என்றால் பணிமூப்பும் தகுதியும் பார்க்க வேண்டும் என்று கேரளப் பல்கலைக்கழகச் சட்டம் சொன்னது. அது சிறுபான்மைக் கல்லூரியைக் கட்டுப்படுத்தாது என்றது நீதிமன்றம். முதல்வரைத் தேர்ந்தெடுப்பது அரசியலமைப்பின் 30(1) பிரிவு சிறுபான்மையினருக்குத் தரும் நிர்வாக உரிமையின் முக்கியமான பகுதி. தகுதியுள்ளவர்களில் யாரை வேண்டுமானாலும் நிர்வாகம் எடுக்கலாம்.

"அரசுதானே சம்பளம் கொடுக்குது?" என்பார்கள் உடனே. கொடுக்கட்டும். அந்தத் தீர்ப்பே உதவி பெறும் கல்லூரியைப் பற்றியதுதான். அரசு குறைந்தபட்சத் தகுதியை வகுக்கலாம். இவரைத்தான் போட வேண்டும் என்று சொல்ல முடியாது. மொழிச் சிறுபான்மையினர் நடத்தும் கல்லூரிகளுக்கும் இதுவே பொருந்தும். அந்த அந்தஸ்து இல்லாத கல்லூரி இந்தத் தீர்ப்பைத் தூக்கிக்கொண்டு வர வேண்டாம். அங்கே சட்டமும் விதியும் சொன்னபடிதான்.

சரி, நிர்வாகத்துக்கு வருவோம். 30(1) இருக்கிறது என்று செயலாளர் போனிலேயே முதல்வரை முடிவு செய்துவிடுகிறார். அப்புறம் வழக்கு வந்ததும் மினிட்ஸ் புத்தகத்தில் ஒரே பேனாவில், ஒரே கையெழுத்தில் மூன்று கூட்டங்களின் தீர்மானங்கள் முளைக்கின்றன. நீதிபதிக்குக் கண் இல்லையா? கோவாவில் ஐவி டா கன்செய்சாவோ என்ற ஆசிரியை தொடர்ந்த வழக்கில் 2017-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொன்னது: சிறுபான்மை நிறுவனமானாலும் தேர்வு நியாயமாகவும் வெளிப்படையாகவும் இருக்க வேண்டும், இல்லையென்றால் உயர் நீதிமன்றம் தலையிடலாம்.

ஆகவே பதவி காலியாவதற்கு முன்பே வேலையைத் தொடங்குங்கள். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018 ஒழுங்குமுறைப்படி முனைவர் பட்டம், 15 ஆண்டு அனுபவம், 10 ஆய்வுக் கட்டுரைகள், 110 ஆய்வு மதிப்பெண் இருக்கிறதா என்று சான்றுகளோடு சரிபாருங்கள். பதவிக்காலம் ஐந்து ஆண்டு என்பதை நியமன ஆணையிலேயே எழுதுங்கள். தகுதியுள்ள எல்லோரையும் அழைத்து, ஏன் இவர் என்று அன்றைக்கே நாலு வரி பதிவு செய்யுங்கள். ஆள் கிடைக்கவில்லை என்று 'பொறுப்பு முதல்வரை' வைத்து வருஷக்கணக்கில் ஓட்டாதீர்கள், தயவுசெய்து.

பேராசிரியர்களே, வழக்குப் போடுமுன் ஒன்றைப் பாருங்கள். நியமிக்கப்பட்டவருக்குத் தகுதி இல்லையா, உங்களைக் கூப்பிடாமலே முடித்துவிட்டார்களா? அந்தக் காகிதம் இருந்தால் கொண்டுவாருங்கள், பேசலாம். மஞ்சள் கோடு போட்ட பட்டியல் மட்டும் என்றால் பீஸை மிச்சம் பிடியுங்கள்.