அரசு அலுவலகத் தாமதத்துக்கு நட்டஈடு கேட்கலாம்

ஓய்வுபெற்று ஒன்றரை வருடம் கழித்துப் பணிக்கொடை கைக்கு வந்தால், "வந்ததே பெரிய விஷயம் சார்" என்று சொல்லிவிட்டு வீட்டுக்குப் போகிறவர்களைத்தான் என் அலுவலகத்தில் அதிகம் பார்க்கிறேன். அந்த ஒன்றரை வருடத்தில் நகையை அடகு வைத்து, வெளியில் கடன் வாங்கி, அதற்கு மாதாமாதம் வட்டி கட்டியிருப்பார்கள். அந்த வட்டியை அரசிடம் கேட்கலாம் என்று சொன்னால், "கவர்மெண்ட் மேலயே கேஸா?" என்று தயங்குகிறார்கள்.

தாராளமாகக் கேட்கலாம். உச்ச நீதிமன்றம் 1984 டிசம்பரிலேயே இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. கேரள அரசுக்கும் பத்மநாபன் நாயர் என்ற ஊழியருக்கும் நடந்த வழக்கு அது. அவர் ஓய்வுபெற்றது 1973 மே மாதம். பணம் வந்தது 1975 ஆகஸ்டில். மாவட்டக் கருவூல அலுவலர் கடைசி ஊதியச் சான்றைக் கொடுக்காமல் இழுத்தடித்ததுதான் காரணம். ஓய்வூதியமும் பணிக்கொடையும் அரசு மனமிரங்கிக் கொடுக்கும் தானம் அல்ல, ஊழியரின் உரிமை என்றது நீதிமன்றம். நியாயமில்லாத தாமதத்துக்குச் சந்தை நிலவரப்படி வட்டி கொடுக்க வேண்டும், அதுவும் ஓய்வுபெற்று இரண்டு மாதம் முடிந்ததுமே அந்தப் பொறுப்பு தொடங்கிவிடும் என்றும் சொன்னது.

நாயர் வென்றார். ஆனாலும் அந்த வழக்கில் இரண்டு இடங்களில் கை நழுவியது. இதைத்தான் வருகிற எல்லோரிடமும் அழுத்திச் சொல்கிறேன். அவர் கேட்டது 12 சதவீத வட்டி, மாவட்ட நீதிமன்றத்தில் கிடைத்தது 6. உயர் நீதிமன்றத்துக்கு வழக்கு போனபோது, வட்டி குறைவு என்று தன் பக்கத்து ஆட்சேபத்தை அவர் தாக்கல் செய்யவில்லை. அதனால் உச்ச நீதிமன்றம் அதைக் கூட்டிக் கொடுக்கவில்லை. இன்னொன்று, சான்றை இழுத்தடித்த அலுவலரை வழக்கில் பிரதிவாதியாகச் சேர்க்கவில்லை. ஆகவே அவரைப் பொறுப்பாக்க முடியாது என்று சொல்லி, அவரிடம் வசூலிப்பதா வேண்டாமா என்பதை அரசின் முடிவுக்கே நீதிமன்றம் விட்டுவிட்டது.

வீடு, மனை ஒதுக்கீட்டில் தாமதமென்றால் வழி வேறு. லக்னோ வளர்ச்சி ஆணையத்துக்கு எதிரான குப்தா வழக்கில், முழுப் பணம் கட்டி, பத்திரப் பதிவும் முடிந்த பிறகு வீட்டை ஒப்படைக்கவில்லை. வீட்டுவசதி அமைப்புகளின் வேலையும் சேவைதான், நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம் என்று 1993இல் தீர்ப்பு வந்தது. மன உளைச்சலுக்காகக் கொடுத்த 10,000 ரூபாயைப் பொறுப்பான அலுவலர்களிடமே வசூலிக்கவும் உத்தரவானது. மக்கள் வரிப்பணத்தில் நட்டஈடு கட்டிவிட்டு, தப்பு செய்தவர் நிம்மதியாக இருப்பது எந்த விதத்தில் நியாயம்?

பட்டா மாறுதல், சான்றிதழ் போன்றவற்றில் நிலைமை கடினம். அவை பெரும்பாலும் சட்டப்படியான கடமைகள், காசுக்குத் தரும் சேவை அல்ல என்பதால் நுகர்வோர் ஆணையத்தில் நிற்பது சிரமம். உயர் நீதிமன்றத்தில் ரிட், அதாவது அரசு அலுவலகத்துக்கு உத்தரவிடச் சொல்லும் மனு போட்டால், உங்கள் விண்ணப்பத்தை இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்கச் சொல்லி உத்தரவு வாங்கலாம், நட்டஈடு பொதுவாகக் கிடைக்காது. அடிப்படை உரிமையே பறிபோனால்தான் ரிட்டில் பணம் வரும். 1968இல் நீதிமன்றம் குற்றமற்றவர் என்று விடுவித்தும் 1982 வரை சிறையிலேயே கிடந்த பீகாரின் ருதுல் ஷாவுக்கு அப்படித்தான் கொடுத்தார்கள். மற்றவர்கள் சிவில் வழக்குதான் போட வேண்டும். அங்கே கோபம் செல்லாது, கணக்குதான் செல்லும். பட்டா வராததால் கடனை மறுத்த வங்கியின் கடிதம், கெடு தாண்டியதால் முன்பணம் பறிபோன கிரய ஒப்பந்தம் மாதிரி ஏதாவது கையில் இருக்க வேண்டும்.

தாமதம் யாரால் என்பதைத் தகவல் உரிமைச் சட்டம் காட்டிக்கொடுக்கும். "என் மனு எந்தத் தேதியில் யாரிடம் போனது, எத்தனை நாள் அங்கே இருந்தது, அவர் பெயர், பதவி என்ன" என்று கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். "ஃபைல் சுத்துல இருக்கு" என்று வாயால் சொல்கிறவர்கள் எழுத்தில் அப்படிச் சொல்ல முடியாது. அதற்கு முதலில் மனு கொடுத்த அத்தாட்சி வேண்டும். அலுவலக முத்திரையும் தேதியும் போட்ட நகல் இல்லாமல் அங்கிருந்து கிளம்பாதீர்கள்.

அப்புறம் நோட்டீஸ். அரசின் மீது வழக்கு போடுவதற்கு முன் சிவில் நடைமுறைச் சட்டம் 80ஆவது பிரிவின்படி நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும். அவசர நிவாரணம் கேட்டால் மட்டும் நீதிமன்ற அனுமதியோடு முன்னதாகப் போடலாம். வாரியம், மாநகராட்சி என்றால் அவற்றின் சட்டத்திலேயே தனி நோட்டீஸ் விதி இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

கெடு விஷயத்தில்தான் பலர் தோற்கிறார்கள். வழக்கு போட மூன்று வருடம் இருக்கிறது என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள். ஒரு சட்டத்தின்படி செய்ய வேண்டியதைச் செய்யத் தவறியதற்கு நட்டஈடு கேட்டால், காலவரையறைச் சட்டத்தின் 72ஆவது இனம் பொருந்தும் என்று அரசுத் தரப்பு வாதிடும். அதில் கெடு ஒரே ஒரு வருடம். நோட்டீஸுக்கான இரண்டு மாதம் மட்டும் அந்த ஒரு வருடக் கணக்கில் சேராது. அதனால் தாமதமான பணம் கைக்கு வந்த அன்றே, "வட்டி, நட்டஈட்டு உரிமையை விட்டுக்கொடுக்காமல் பெற்றுக்கொள்கிறேன்" என்று ஒரு கடிதம் எழுதி ஒப்புகையோடு அனுப்பிவிட்டு, அதே வாரத்தில் வழக்கறிஞரைப் பாருங்கள்.