நாணயக் கணக்கில் எண்ணிக்கை வேறு, தொகை வேறு

டி.என்.பி.எஸ்.சி. குரூப் 4 தேர்வுக்குத் தயாராகும் மாணவர்களின் மாதிரித் தேர்வுத் தாள்களில், விகிதப் பாடத்தை நன்றாகப் படித்தவர்கள்கூட நாணயக் கணக்கில் ஒரே இடத்தில் சறுக்குகிறார்கள். இந்த வாரத் தாள்களிலும் அதையே கண்ட பிறகு எழுதாமல் இருக்க முடியவில்லை.

ஓர் உண்டியலில் 10 ரூபாய், 5 ரூபாய், 2 ரூபாய் நாணயங்கள் 2:3:5 என்ற விகிதத்தில் உள்ளன. மொத்தத் தொகை 900 ரூபாய் எனில், ஒவ்வொரு வகையிலும் எத்தனை நாணயங்கள் உள்ளன என்பது கேள்வி. விகித எண்களைக் கூட்டினால் 10 வருகிறது என்று 900-ஐ அதனால் வகுத்து, தொகையை 180, 270, 450 எனப் பிரித்து, 18, 54, 225 நாணயங்கள் என்று பலர் விடை எழுதிவிடுகிறார்கள். மீதியில்லாமல் வகுபட்டதால் சந்தேகமும் எழுவதில்லை. கேள்வி தயாரிப்பவர் இந்தப் பிழையை எதிர்பார்த்தே அந்த எண்களை விடைத் தெரிவுகளில் வைத்திருப்பார். ஆனால் 18:54:225 எப்படி 2:3:5 ஆகும்?

தரப்பட்ட விகிதம் நாணயங்களின் எண்ணிக்கைக்கு உரியது, பிரிக்கப்பட்டதோ பணம். இரண்டு 10 ரூபாய் நாணயங்கள் இருக்கும்போது மூன்று 5 ரூபாய் நாணயங்களும் ஐந்து 2 ரூபாய் நாணயங்களும் உடன் இருக்கின்றன என்பதே அந்த விகிதத்தின் பொருள். அப்படி ஒரு தொகுதியின் மதிப்பு 20 + 15 + 10, அதாவது 45 ரூபாய். 900 ரூபாயில் அத்தகைய தொகுதிகள் 20; ஆகவே நாணயங்கள் 40, 60, 100.

இதே உண்டியலில் 10 ரூபாய் நாணயங்கள் எண்ணிக்கையில் 20 சதவீதம்தான், தொகையிலோ ஒன்பதில் நான்கு பங்கு, அதாவது 44 சதவீதத்துக்கும் மேல். ஆகவே 40 சதவீதம் 5 ரூபாய் நாணயங்கள், மற்றவை 2 ரூபாய், மொத்தம் 160 ரூபாய் என்று வந்தால், தயவுசெய்து 160-க்கு 40 சதவீதம் காணாதீர்கள். நூறு நாணயங்கள் இருப்பதாகக் கொண்டால் 200 + 120 = 320 ரூபாய்; கையில் இருப்பது அதில் பாதி என்பதால் நாணயங்கள் 50, அவற்றில் 20 ஐந்து ரூபாய், 30 இரண்டு ரூபாய்.

'பெருக்க வேண்டுமா, வகுக்க வேண்டுமா' என்று சூத்திரமாக மனப்பாடம் செய்வதை விடுங்கள். தொகைகளின் விகிதம் 4:3:2 என்று தந்தால் ஒவ்வொன்றையும் அந்த நாணயத்தின் மதிப்பால் வகுக்க, எண்ணிக்கை விகிதம் தானே 2:3:5 என்று வந்துவிடும்.

25 பைசா 2011 ஜூன் 30 முதல் செல்லாது. இன்றைய மாணவர்களில் பலர் அதைக் கையில் வாங்கியதே இல்லை, பயிற்சிப் புத்தகங்களில் மட்டும் அது இன்னும் புழங்குகிறது. அத்தகைய கணக்கில் முதல் வரியிலேயே எல்லாவற்றையும் பைசாவாக மாற்றி எழுதுங்கள். ரூபாயையும் பைசாவையும் கலந்து கூட்டிய தாள்களும் குறைவில்லை. விடையைக் குறிக்கும் முன், கண்ட எண்ணிக்கைகளை விகிதத்தோடும், அவற்றின் மதிப்பைக் கூட்டி மொத்தத் தொகையோடும் ஒருமுறை ஒப்பிடுங்கள். இரண்டில் ஒன்றை மட்டும் சரிபார்த்தால் போதாது, ஏனெனில் 18, 54, 225 என்ற தவறான விடையும் கூட்டினால் 900 ரூபாய்தான் காட்டும்.