ஆங்கிலம் தொலைத்த 'நீ'

ஆங்கில இலக்கியம் படிக்கும் வாசகி ஒருவர் கேட்டிருந்தார்: "ஜூலியட் ரோமியோவைத் 'தௌ' என்கிறாள். ஜெபத்தில் கடவுளையும் 'தௌ', 'தை' என்றே விளிக்கிறார்கள். அப்படியானால் 'தௌ' என்பது நம்முடைய 'தாங்கள்', 'தேவரீர்' போல உயர்ந்த மரியாதைச் சொல்தானே? அது ஏன் வழக்கொழிந்தது?"

பலரும் அப்படித்தான் நினைக்கிறார்கள், ஆங்கிலத்தைத் தாய்மொழியாகப் பேசுபவர்கள்கூட. உண்மை நேர் எதிர். 'தௌ' தான் ஆங்கிலத்தின் 'நீ'. இன்று எல்லோரிடமும் சொல்லும் 'யூ' தான் 'நீங்கள்'. "இங்கிலீஷில் மரியாதையே கிடையாது, பெரியவருக்கும் யூ, சின்னப் பிள்ளைக்கும் யூ" என்று நம் ஊரில் சொல்வார்கள். நடந்ததோ வேறு. ஆங்கிலேயர்கள் மரியாதை கொடுத்துக் கொடுத்தே 'நீ'யைத் தொலைத்துவிட்டார்கள். இப்போது தொட்டில் குழந்தையையும் அவர்கள் 'நீங்கள்' என்றுதான் கொஞ்சுகிறார்கள்.

முதலில் வடிவங்களைச் சட்டென்று பார்த்துவிடுவோம். தௌ என்றால் நீ, தீ என்றால் உன்னை, தை என்றால் உன், தைன் என்றால் உன்னுடையது. பன்மையில் எழுவாய்க்கு யே, செயப்படுபொருளுக்கு யூ. பின்னாளில் இரண்டுக்கும் யூவே ஆயிற்று. ஆயிரம் ஆண்டுக்கு முந்தைய பழைய ஆங்கிலத்தில் 'தௌ'வின் உச்சரிப்பு 'தூ'. இந்தியின் 'தூ', லத்தீனின் 'டூ' எல்லாம் ஒரே வேரில் பிறந்தவை. அந்தக் காலத்தில் 'நீங்கள் இருவர்' என்று சொல்லத் தனியாக ஓர் இருமைச் சொல்லும் இருந்தது. அது 13ஆம் நூற்றாண்டு வாக்கில் மறைந்தது. 'தௌ'வுக்கென்று வினை விகுதியும் உண்டு: தௌ ஆர்ட், தௌ ஹாஸ்ட், தௌ ஷால்ட். நம் 'நீ'க்கு '-ஆய்' வருவது போல. பழைய பாணியில் எழுத நினைப்பவர்கள் 'தௌ ஹாத்' என்று எழுதினால், அது 'நீ வந்தான்' என்பது போன்ற பிழை.

பழமையான தோற்றத்துக்காகக் கடைப் பலகைகளில் 'யே ஓல்ட்' என்று எழுதுகிறார்களே, அந்த 'யே'க்கும் இதற்கும் சம்பந்தமில்லை. அது 'தி' என்னும் சொல். பழைய ஆங்கிலத்தில் 'த' ஒலிக்குத் 'தார்ன்' என்று தனி எழுத்து இருந்தது. ஐரோப்பாக் கண்டத்திலிருந்து வந்த அச்செழுத்துகளில் அது இல்லை. கையெழுத்தில் அது ஏற்கெனவே 'ஒய்' மாதிரி மாறியிருந்ததால், அச்சிடுபவர்கள் 'ஒய்'யைப் போட்டுச் சமாளித்தார்கள். அந்தக் காலத்தில் யாரும் அதை 'யே' என்று வாசிக்கவில்லை.

சரி, பன்மைச் சொல் எப்படி மரியாதைச் சொல் ஆகிறது? ரோமப் பேரரசின் கடைசிக் காலத்தில், 4ஆம் நூற்றாண்டு வாக்கில், பேரரசரைப் பன்மையில் விளிக்கும் பழக்கம் லத்தீனில் வந்தது. கிழக்கே ஒருவர், மேற்கே ஒருவர் என்று இரண்டு பேரரசர்கள் இருந்ததால் ஒருவரோடு பேசினாலும் இருவரையும் சேர்த்துப் பேசியதாக ஆயிற்று என்பது ஒரு விளக்கம். அரசர் 'நாம்' என்று தன்னைச் சொல்லிக்கொள்வதற்கு இதுதான் பதில் மொழி என்பது இன்னொன்று. லத்தீனிலிருந்து பிரெஞ்சுக்குப் போன பழக்கம், 1066இல் பிரெஞ்சு பேசிய நார்மன்கள் இங்கிலாந்தைப் பிடித்ததும் கடல் தாண்டியது. 13, 14ஆம் நூற்றாண்டுகளில் ஆங்கிலத்திலும் மேலோரை யே, யூ என்று விளிப்பது வேரூன்றியது.

லத்தீனை விட்டுவிட்டு நம் பக்கம் பார்த்தாலும் இதே கதை உண்டு. நீ ஒருமை, நீயிர் பன்மை என்று வைத்த தொல்காப்பியம், ஒருவரைப் பன்மையால் சொல்வதைக் கவனித்து அதற்கு ஒரு நூற்பாவே ஒதுக்கியிருக்கிறது. அது 'வழக்கின் ஆகிய உயர்சொற் கிளவி', இலக்கண முறைப்படியான சொல் அன்று என்கிறது. மக்கள் அப்படிப் பேசுகிறார்கள், உயர்த்திச் சொல்லப் பேசுகிறார்கள், ஆனால் இலக்கணப்படி ஒருவருக்குப் பன்மை பொருந்தாது. இந்த நூற்பாவைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஒரு சிலிர்ப்பு வரும். கண்முன் மொழி மாறிக்கொண்டிருப்பதைக் கண்டு, அதைத் திட்டாமலும் மறைக்காமலும் குறித்து வைத்த அறிவியல் மனம் அது.

இனி எனக்கு மிகவும் பிடித்த இடம். மரியாதைப் பன்மை பல மொழிகளில் உண்டு. பிரெஞ்சில், ஜெர்மனில், தமிழில் எல்லாம் 'நீ' உயிரோடுதான் இருக்கிறது. ஆங்கிலத்தின் பொதுப் பேச்சில் அது எப்படி அழிந்தது? இதற்குள் ஒரு பொறி வேலை செய்கிறது. ஒரு பக்கமாகவே சுழலும், எளிதில் திரும்பிச் சுழலாத பல்சக்கரம் போன்ற பொறி.

1960இல் ரோஜர் பிரௌன், ஆல்பர்ட் கில்மன் என்ற இரு அறிஞர்கள் ஐரோப்பிய மொழிகளின் நீ, நீங்கள் வழக்கை ஆராய்ந்து எழுதிய கட்டுரை இந்தத் துறைக்கே அடித்தளம். இந்தச் சொற்களை இரண்டு விசைகள் இழுக்கின்றன என்றார்கள். ஒன்று அதிகாரம்: மேலே இருப்பவர் 'நீ' என்பார், 'நீங்கள்' என்ற பதிலைப் பெறுவார். மற்றொன்று நெருக்கம்: நெருங்கியவர்கள் ஒருவரை ஒருவர் 'நீ' என்பார்கள், விலகியவர்கள் இரு பக்கமும் 'நீங்கள்' என்பார்கள். ஊரில் எல்லோரையும் எல்லோருக்கும் தெரியும் வரை இதில் சிக்கலே இல்லை. பண்ணையார் யார், வண்டிக்காரர் யார் என்பது பிறக்கும்போதே தெரியும்.

16ஆம் நூற்றாண்டு லண்டனை நினைத்துக்கொள்ளுங்கள். நாலாபுறமிருந்தும் ஆட்கள் வந்து குவிகிறார்கள். துணி வியாபாரி பிரபுவைப் போலப் பட்டுடுத்தித் தெருவில் போகிறார். யார் எந்தத் துணி உடுத்தலாம் என்று 1574இல் எலிசபெத் அரசி ஆணை போட வேண்டி வந்தது என்றால், ஆளைப் பார்த்து அந்தஸ்தைக் கண்டுபிடிப்பது எவ்வளவு கடினமாகியிருக்கும்! எதிரே வருபவர் யாரென்று தெரியாது. 'தௌ' சொல்வதா, 'யூ' சொல்வதா?

கணக்குப் போட்டுப் பாருங்கள். அவர் பெரிய மனிதராக இருந்து நீங்கள் 'தௌ' என்றால் அது அவமதிப்பு. அடி விழலாம், பிழைப்பு போகலாம். அவர் எளிய மனிதராக இருந்து நீங்கள் 'யூ' என்றால் ஒரு நஷ்டமும் இல்லை, அவர் மகிழ்ந்துதான் போவார். தவறின் விலை இரண்டு பக்கமும் ஒன்றில்லை. எனவே சந்தேகம் வரும்போதெல்லாம் எல்லோரும் ஒரே பக்கம் சாய்கிறார்கள். ஒவ்வொருவரும் தன் பாதுகாப்புக்காகச் செய்யும் சின்னத் தேர்வு, லட்சக்கணக்கான உரையாடல்களில் சேர்ந்து சக்கரத்தை ஒரு பல் நகர்த்துகிறது. நகர்ந்த பிறகு நிலைமை இன்னும் இறுகுகிறது. அந்நியர்களுக்கெல்லாம் 'யூ' என்றானதும் 'தௌ' முன்னைவிடக் கூர்மையாகக் குத்துகிறது. கூர்மையாகக் குத்துவதால் இன்னும் பலர் அதைத் தவிர்க்கிறார்கள். அடுத்த பல் நகர்கிறது.

பேருந்தில் பக்கத்தில் உட்கார்ந்த கல்லூரிப் பையனிடம் "நீங்க எங்க இறங்கணும்?" என்று கேட்கும்போது நாமும் இதே கணக்கைத்தான் போடுகிறோம். நம்மிடம் சக்கரம் வீட்டு வாசலோடு நின்றுவிடுகிறது. அம்மாவையும் நண்பனையும் தெய்வத்தையும் 'நீ' என்னும் உரிமையை நாம் விடவில்லை. ஆங்கிலத்தில் அது வாசல் தாண்டிச் சமையலறை வரை போய்விட்டது.

'தௌ' எவ்வளவு கூர்மையாகியிருந்தது என்பதற்கு நீதிமன்றச் சாட்சியே உண்டு. 1603ஆம் ஆண்டு வின்செஸ்டரில் சர் வால்ட்டர் ராலே மீது ராஜதுரோக வழக்கு. அரசுத் தரப்பில் வாதாடிய எட்வர்ட் கோக் ஆத்திரத்தில் கத்தினார்: "ஐ தௌ தீ, தௌ டிரெய்ட்டர்!" 'தௌ' அங்கே வினைச்சொல். "துரோகியே, உன்னை ஒருமையில்தான் பேசுவேன்" என்கிறார். 'ஒருமையில் திட்டினார்' என்று நம் செய்தித்தாள்கள் எழுதுமே, அதே குற்றம், அதே சொல்லாட்சி. ஏறக்குறைய அதே ஆண்டுகளில் ஷேக்ஸ்பியரின் 'லியர் அரசன்' நாடகத்தில், விசுவாசமான கெண்ட் பிரபு தன் அரசனைப் பார்த்து "நீ என்ன செய்யப் போகிறாய், கிழவா?" என்கிறார், 'தௌ' போட்டு. அன்றைய அரங்கம் மூச்சைப் பிடித்திருக்கும். இன்றைய வாசகருக்கு அது வெறும் பழைய ஆங்கிலமாகக் கடந்து போகிறது. ஜூலியட்டின் 'தௌ'வில் இருப்பதோ காதலின் உரிமை. அவளுடைய 'வேர்ஃபோர் ஆர்ட் தௌ ரோமியோ' என்பதற்கு 'எங்கே இருக்கிறாய்' என்று பொருளில்லை. 'நீ ஏன் ரோமியோவாக, எங்கள் பகைக் குடும்பத்தவனாக இருக்கிறாய்' என்பதே அது.

சக்கரத்தைப் பிடித்து நிறுத்தப் பார்த்தவர்களும் உண்டு. 17ஆம் நூற்றாண்டின் நடுவில் ஜார்ஜ் ஃபாக்ஸ் தலைமையில் எழுந்த குவேக்கர்கள் என்னும் கிறிஸ்தவச் சமயக் குழுவினர், கடவுளின் முன் எல்லோரும் சமம், ஆகவே நீதிபதியானாலும் பிரபுவானாலும் 'தௌ' தான் என்றார்கள். அடிபட்டார்கள், சிறை போனார்கள், மாற்றிக்கொள்ளவில்லை. 1660இல் ஃபாக்ஸும் இரு தோழர்களும் ஒருமை பன்மைக்காகவே ஒரு பெரிய நூல் வெளியிட்டு, பல மொழிகளிலிருந்து சான்று காட்டி, ஒருவரைப் பன்மையில் விளிப்பது தவறு என்று வாதிட்டார்கள். தொல்காப்பியம் சொன்ன அதே இலக்கண உண்மை. தொல்காப்பியம் வழக்கு என்று ஏற்றுக்கொண்டதை இவர்கள் பொய் என்று மறுத்தார்கள். எனக்கு இவர்கள் மேல் பெரிய மதிப்பு உண்டு. ஒரு பிரதிப்பெயருக்காக உதை வாங்க எத்தனை பேர் தயாராக இருப்பார்கள்? ஆனாலும் பொதுப் பேச்சில் அந்த நூற்றாண்டு முடிவதற்குள் 'தௌ' ஏறத்தாழ மறைந்தது.

அப்படியானால் அதற்குப் புனிதச் சாயல் எப்படி வந்தது? 1611இல் வெளியான ஜேம்ஸ் அரசர் பைபிள் அதற்குக் காரணம். மூலமான எபிரேயத்திலும் கிரேக்கத்திலும் ஒருமை பன்மை வேறுபாடு உண்டு, மரியாதைப் பன்மை கிடையாது. மொழிபெயர்த்தவர்கள் அதற்கு முன்பே பைபிளை ஆங்கிலத்தில் பெயர்த்த டிண்டேலின் நடையைப் பின்பற்றி, ஒருவர் என்றால் 'தௌ', பலர் என்றால் 'யே' என்று வைத்தார்கள். கடவுளுக்கும் 'தௌ', சாத்தானுக்கும் 'தௌ'. தெருவில் சொல் செத்துப்போக, தேவாலயத்தில் மட்டும் வாரந்தோறும் ஒலிக்க, கேட்டவர்கள் அதைப் பரிசுத்தமான சொல் என்று எண்ணத் தொடங்கினார்கள். தமிழ் ஜெபத்தில் 'உம்முடைய நாமம்' என்று மரியாதையாக வருவது, ஆங்கிலத்தில் 'தை நேம்', அதாவது 'உன் நாமம்'.

அந்த வேறுபாடு போனதால் இழந்தது என்ன என்பதற்கு லூக்கா 22ஆம் அதிகாரம் ஒன்று போதும். இயேசு சீமோனிடம் சொல்கிறார்: சாத்தான் 'யூ'வைப் புடைக்கக் கேட்டான், நானோ 'தீ'க்காக வேண்டிக்கொண்டேன். முதலாவது சீடர்கள் எல்லோரையும் குறிக்கிறது, இரண்டாவது சீமோன் ஒருவனை. தமிழ் வேதாகமத்தில் 'உங்களை', 'உனக்காக' என்று பளிச்சென்று தெரியும். இரண்டு இடத்திலும் 'யூ' போடும் இன்றைய ஆங்கில மொழிபெயர்ப்புகள் 'உங்கள் எல்லோரையும்' என்று சொல் சேர்த்தோ அடிக்குறிப்பு போட்டோ சமாளிக்க வேண்டியிருக்கிறது.

மொழி ஓட்டையை அப்படியே விட்டுவைக்காது. ஒருமையின் இடத்துக்கு 'யூ' வந்ததும் பன்மையின் நாற்காலி காலியானது. அமெரிக்கத் தென் மாநிலங்கள் 'யால்' என்றன, அதாவது 'யூ ஆல்'. அயர்லாந்திலும் லிவர்பூலிலும் 'யூஸ்', பிட்ஸ்பர்கில் 'யின்ஸ்'. நம்மிடமும் இதே ஒட்டுப்போடும் வேலைதான். 'நீயிர்' தேய்ந்து 'நீர்' ஆகி ஒருவருக்கான மரியாதையானது. 'கள்' ஒட்டிய 'நீங்கள்' வந்தது, அதுவும் ஒருவருக்கான மரியாதையானது. இப்போது பலரைச் சொல்ல 'நீங்க எல்லாரும்' என்கிறோம். அது அச்சு அசலாக 'யால்' தான்! 'அவர்' பலரைக் குறித்த சொல்லாக இருந்து, ஒருவருக்குரிய மரியாதையாகி, பின் 'அவர்கள்' தேவைப்பட்டதும் இதே சக்கரத்தின் சுழற்சி.

சக்கரம் எப்போதும் 'நீங்கள்' பக்கமேதான் சுழல வேண்டும் என்றும் இல்லை. சுவீடனில் 1960களின் பிற்பகுதியில் அது 'நீ' பக்கம் திரும்பியது. 1967இல் அங்கே மருத்துவ வாரியத்தின் தலைவராகப் பொறுப்பேற்ற ப்ரூர் ரெக்செட், ஊழியர் எல்லோரையும் 'நீ' என்றே அழைப்பேன், என்னையும் அப்படியே அழையுங்கள் என்று அறிவித்தது அதன் அடையாளமாக நினைவுகூரப்படுகிறது. ஆகவே 'இந்த மொழிக்கு மரியாதை இயல்பிலேயே உண்டு, அந்த மொழிக்கு இல்லை' என்பது வெறும் மூடநம்பிக்கை. சொற்களில் இருப்பது அந்தந்தச் சமூகம் யாருக்கு அஞ்சியது, யாரோடு நெருங்கியது என்ற பதிவு.

இங்கிலாந்திலும் 'தௌ' முழுதாகச் சாகவில்லை. லீட்ஸ் பல்கலைக்கழகத்தின் ஹெரால்ட் ஓர்ட்டன் 1950 முதல் 1961 வரை 313 இடங்களுக்கு ஆளனுப்பி, கிராமத்து முதியவர்களிடம் ஆயிரத்துக்கும் மேற்பட்ட கேள்விகள் கேட்டுப் பதிவுசெய்த வட்டார வழக்கு ஆய்வில், வடக்கிலும் மேற்கிலும் அது உயிரோடு இருந்தது தெரிந்தது. பேசியவர்கள் போய்விட்டார்கள், பேச்சு இருக்கிறது. நம் நெல்லை, குமரிப் பக்கத்து 'நீரு', யாழ்ப்பாணத்தில் 'நீ'க்கும் 'நீங்க'ளுக்கும் நடுவே கணவனும் மனைவியும் சொல்லிக்கொள்ளும் 'நீர்', இவற்றுக்கும் அப்படி ஊர் ஊராகப் போய்ப் பதிவுசெய்யும் ஆய்வு வேண்டும். ஒரு சிறிய ஒலிப்பதிவுக் கருவி, பேருந்துக் கட்டணம், ஆராய்ச்சி மாணவர்களுக்கு ஒழுங்காக மாதம் தவறாமல் உதவித்தொகை, அவ்வளவுதான் செலவு. மொழிப் பெருமை பேசும் விழாக்களுக்குக் கிடைக்கும் பணத்தில் ஒரு பங்கு இதற்கு வர வேண்டும் என்று நான் உறுதியாக நினைக்கிறேன். அந்த 'நீரு'வைச் சொல்லும் தாத்தாக்களுக்கு இப்போது எண்பது வயது.

யார்க்‌ஷயரில் 'தௌ' இன்று 'தா' என்று ஒலிக்கிறது. பக்கத்து ஊர்க்காரர்கள் ஷெஃபீல்டு மக்களுக்கு வைத்த பட்டப்பெயரே 'டீ டார்', தீயும் தாவும் சொல்பவர்கள் என்று. பெரியவர்களிடம் வாய் நீளும் பிள்ளைகளை அங்கே அதட்டும் ஒரு வழக்கும் உண்டு, 'தா' என்பதையே வினையாக்கி. தமிழில் சொன்னால் இப்படி வரும்: "உன்னை நீ என்கிறவர்களை நீ நீ என்காதே."