வயதான மாட்டை விற்க என்ன விதி?

கறவை நின்றுபோன மாட்டைச் சந்தைக்கு ஏற்றினால் கேஸ் போடுவார்கள் என்ற பயம் விவசாயிகளிடம் இன்னும் இருக்கிறது. பயந்து விற்பவருக்கு அடிமாட்டு விலைகூடக் கிடைக்காது. அதனால் எது விதி, எது வெறும் பேச்சு என்று தெரிந்துகொள்வது நல்லது.

இந்தப் பயம் பரவக் காரணம், 2017 மே 23 அன்று மத்திய அரசு வெளியிட்ட கால்நடைச் சந்தை விதிகள். இறைச்சிக்காக விற்கவில்லை என்று விற்பவர் எழுதித் தர வேண்டும், வாங்குபவர் தான் விவசாயி என்று காட்ட வேண்டும் என்றன அவை. ஒரே வாரத்தில், மே 30 அன்று, உயர் நீதிமன்ற மதுரைக் கிளை இதற்குத் தடை போட்டது. ஜூலை 11 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை நாடு முழுவதற்கும் நீட்டித்தது.

பொள்ளாச்சிச் சந்தையில் துண்டுக்குள் விரல் பிடித்துப் பேசி முடிக்கும் அந்தத் தொகைதான் பலருக்கு அடுத்த மாட்டுக்கான முன்பணம். அது கிடைக்காவிட்டால், பால் தராத மாட்டுக்கும் தினமும் தீவனம் போட்டாக வேண்டும். சிறு விவசாயி அதை எத்தனை நாள் தாங்குவார்?

சரி, எந்த விதி உண்மையிலேயே இருக்கிறது? 1978-ஆம் ஆண்டின் விலங்குப் போக்குவரத்து விதிகள். லாரியில் 6 மாடுகளுக்கு மேல் ஏற்றக் கூடாது. பயணத்துக்குத் தகுதியானது என்று கால்நடை மருத்துவர் தரும் சான்று வேண்டும். தரையில் வழுக்காமல் தென்னை நார் விரிப்போ பலகையோ போட வேண்டும், கூடவே ஒரு ஆள் போக வேண்டும். மாட்டின் நன்மைக்கான விதிகள் இவை, குறை சொல்ல ஒன்றும் இல்லை.

அறுப்புக்குத் தனிச் சட்டம் இருக்கிறது. 1958-ஆம் ஆண்டின் தமிழ்நாடு விலங்குகள் பாதுகாப்புச் சட்டப்படி, 10 வயது தாண்டி, வேலைக்கும் இனவிருத்திக்கும் ஆகாத மாட்டுக்கு அல்லது காயத்தாலோ தீராத நோயாலோ நிரந்தரமாக முடங்கிய மாட்டுக்குத்தான் சான்று தருவார்கள். பசுவை அறுக்க 1976-ஆம் ஆண்டு அரசாணையிலேயே தடை வந்துவிட்டது.

வண்டி பிடிபட்டால் என்ன ஆகும் என்பதுதான் விவசாயி அதிகம் கவனிக்க வேண்டியது. 2017-இல் வந்த இன்னொரு விதிப்படி, வழக்கு முடியும்வரை மாடுகளை கோசாலையில் வைக்கலாம். அந்தச் செலவு வண்டிக்காரரோடு மாட்டை அனுப்பியவர் தலையிலும் விழும். அதனால் மாட்டை விற்று, கயிறு மாற்றி ஒப்படைத்த கையோடு சந்தை ரசீதை வாங்கிவிடுங்கள். வாங்கியவர் பெயர், வண்டி எண், தேதி மூன்றையும் அதிலேயே எழுதி, ஒரு போட்டோவும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.